முதுகிலா, வயிற்றிலா

ஷிமானே போய்வந்ததைச் சொல்ல
அலுவலகத்தில் ஆளில்லை.
"டோக்கியோ பார்க்கலையா? ஃபூஜிகூடவா?"
இல்லை என்றதும் அவரவர் டீயைத் தேடிப் போனார்கள்.

இரவு 8.52 பன்வெல் லோக்கல்.
வடாலாவில் கால்வாசி சீட் கிடைத்ததும்
நஸ்ரினிடம் கைப்பேசியை நீட்டினேன்.

பார், மொத்த ரயிலுமே இந்த ஒரு பெட்டிதான்.
ஓட்டுநர், நான், தூங்கும் பள்ளிப் பையன்.
ஏறும்போது எண் போட்ட துண்டுச்சீட்டு,
இறங்கும்போது அந்த எண்ணுக்கான காசு.
எனக்கு ஏழு.
பதினோரு நாள்
ஒரு முழங்கைகூட என்மேல் படவில்லை.

"பதினோரு நாளுமா?" என்றாள்.
பொறாமையா இரக்கமா, தெரியவில்லை.

விடுதிக்காரியிடம் விரல் காட்டினேன்: ஒன்று.
அவளும் காட்டினாள்: ஒன்றா?
ஒன்று.
அன்றைய பேச்சு அவ்வளவுதான்.

கதவோரம் காலிக் கூடையோடு யமுனாபாய்.
"லக்கேஜ் டப்பாவுக்குப் போ" என்று
யாரோ மூக்கைப் பொத்திக்கொண்டு சொல்ல
காதில் வாங்காமல்
என் தோள்மேல் எட்டிப் பார்த்தாள்.

வலைத்தட்டில் பிளந்து காயும் மீன்,
பின்னால் சாம்பல் கடல்,
ஓரத்தில் ரப்பர் கையுறையோடு ஒருத்தி.
கடலுக்காக எடுத்த படம்.

"பாங்டாவா?"
அயிலை மாதிரிதான், என்றேன்.
"முதுகில் கீறுவாளா, வயிற்றிலா?"

குர்லா கூட்டம் உள்ளே விழுந்தது.
தெரியாது என்று சொல்ல வெட்கம்.
ஈர விரல் இரண்டால் அவளே விரித்தாள்.
கடல் போனது, வானம் போனது,
திரை முழுக்க ஒற்றை மீன்.
"முதுகில். வயிறு ஒட்டியே இருக்கு பார்.
கைகாரிதான்."

பிறகு, மணி கேட்பதுபோல்,
"பேரென்ன இவளுக்கு?"

அந்தப் பாதையின் ஸ்டேஷன்கள்
வரிசையாய் எனக்கு மனப்பாடம்.
இவள் ஒரு மீனைச் சுட்டு
காகிதத்தில் வைத்துக் கொடுத்தாள்,
காசை நீட்டியபோது
கையுறையை ஆட்டி மறுத்தாள்.
பேர் கேட்கவில்லை.

செம்பூர். பின்னாலிருந்த இடுப்புகள்
என்னை இறக்கிவிட்டன.
நகரும் ஜன்னல் கம்பிக்குள் யமுனாபாயின் குரல்:
"அடுத்த தடவை கேட்டுட்டு வா!"

நடைமேடையில் திரையைத் துடைக்கப் போனேன்.
ஒரு செதில்.
இருநூற்றுப் பதினான்கு படங்களில்
இது ஒன்றில்தான் வாடை.