ஈரப்பதம்

ஒரு நாளைக்கு ஆறு.
பதினான்கு நாளைக்கு எண்பத்து நான்கு.
அதற்கு மேல் ஒன்று என்றாலும்
தஞ்சாவூரில் டாக்டர் மாற்றி எழுத வேண்டும்,
சிவப்பு முத்திரை விழ வேண்டும்,
தடித்த பேரேட்டில் தையல்நாயகி கையெழுத்துப் போட வேண்டும்.
முதல் தடவை கைநாட்டு வைத்துவிட்டு வந்தாள்.
பத்தாவது பாஸ் அவள்.
பேனாவில் மை தீர்ந்திருந்ததாம்.

மார்ஃபின் என்று வீட்டில் வாய்விட்டுச் சொல்வதில்லை.
வெள்ளை மாத்திரை.
பக்கத்து வீட்டுப் பையன் கேட்டான்,
"போதை மாத்திரையா மாமா?"
போதை இல்லையடா.
நாலு மணி நேரம் இந்தத் தாடை
வேறு யாருடையதோ போல இருக்கிறது,
அவ்வளவுதான்.

விடியற்காலை பஸ் ஏறுவாள்.
நீடாமங்கலம் கேட் மூடிக்கொண்டால்
இறங்கி நின்று சரக்கு ரயிலின் பெட்டிகளை எண்ணுவாள்.
எண்ணுவது இருவருக்கும் பழகிவிட்டது.
காலி அட்டைகளை ரப்பர் பேண்டு போட்டுக் கொண்டுபோக வேண்டும்.
மருந்தகத்து ஜெனிட்டா ஒவ்வொரு குழியையும்
விரலால் தொட்டுத் தொட்டுப் பார்ப்பாளாம்.
அவள்மேல் எனக்குக் கோபமில்லை.
அந்த நாற்காலியில் இருபத்தாறு வருடம்
உட்கார்ந்திருக்கிறேன் நானும்.

நெல் கொள்முதல் நிலையம், பட்டியல் எழுத்தர்.
பதினேழு சதவீத ஈரம்வரை எடுக்கலாம்,
பதினேழு புள்ளி ஒன்றை எடுக்கக் கூடாது.
ஒரு பிடி நெல்லை மீட்டரில் போட்டுத் திருகி
ஆளைப் பார்க்காமல் எண்ணை மட்டும் படிப்பேன்.
"காயவச்சுக் கொண்டா."
தை மழையில் எங்கே காயவைக்க என்றவர்களுக்கு
ரோடு இருக்கிறதே என்று சொல்லியிருக்கிறேன்.

உத்திராபதியின் நெல் பதினேழு புள்ளி நான்கு.
நான்கு இரவு ரோட்டில் படுத்திருந்தான்,
குவியல் முளைவிடும்வரை.

ஐப்பசியில் வலி கூடியது.
ஆறு, ஏழானது.
ஏழாவது எந்தக் கணக்கில் சேரும்?
பன்னிரண்டாம் நாளோடு டப்பா காலி.
போனில் ஜெனிட்டா,
"தேதிக்கு முன்னாடி தர முடியாதுங்க,
டாக்டர் வியாழக்கிழமைதான் வர்றார்."
சொல்லும்போது அவள் குரல் கொஞ்சம் இறங்கியது.
என் குரல் ஒருநாளும் இறங்கியதில்லை.

கொசு ஏறும் நேரத்தில் உத்திராபதி வந்தான்.
புரட்டாசியில் அவன் மனைவி போய்ச் சேர்ந்தாள்,
கர்ப்பப்பையில் இதே நோய்.
வேட்டி மடிப்பிலிருந்து ஒரு பொட்டலம் எடுத்தான்.
"பதினொன்னு மிச்சம்.
திருப்பிக் கொடுக்கச் சொன்னாங்க, நான் போகல."
கட்டில் விளிம்பில் வைத்தான்.
"காஞ்சதுதான்.
சந்தேகம்னா மீட்டர்ல போட்டுப் பாருங்க."

அவன் சிரிக்கவில்லை.
நான் சிரித்தேனா, தெரியாது.
இந்தத் தாடையில் அது தெரியாது.

ஒருவர் பெயரில் எழுதியதை
இன்னொருவர் விழுங்குவது குற்றம்.
விதி எல்லாம் எனக்கு மனப்பாடம்.
ராத்திரி இரண்டு மணிக்குப் பிரித்தேன்,
எண்ணினேன், மடித்துவைத்தேன்.
மறுபடி பிரித்தேன்.
விடிந்தபோது ஒன்பது.
தையல் எண்ணிப் பார்த்துவிட்டு
ஒன்றும் கேட்காமல் கஞ்சியை ஆற்றினாள்.

நேற்று அவன் சைக்கிள் ஸ்டாண்டைத் தட்டிய சத்தம் கேட்டதும்
கூப்பிட வாயெடுத்தேன், வரவில்லை.
வாய் வராததற்கு நோயைச் சொல்லலாம்.

உத்திராபதி,
அந்த வருடத்து மீட்டர்
அரைப் புள்ளி கூடத்தான் காட்டும்.
மண்டல ஆபீசுக்கு எழுதினேன், பதில் வரவில்லை.
பதில் வரும்வரை
அது காட்டியதைப் படித்துக்கொண்டிருந்தேன்.