பதினொன்றாம் எண்

ஜவ்வரிசி மாவு மூட்டை அடுக்கிய கிடங்கு அது.
நாங்கள் பன்னிரண்டு பேர்.
பெஞ்சிலிருந்து எழுந்தால்
சேலையின் பின்புறம் வெள்ளை வட்டம்.
செவ்வாய்ப்பேட்டைக் கடைத்தெருவில்
அதைப் பார்த்துத்தான்
‘காலேஜ் போகுது பார்’ என்பார்கள்.

மிஸ் சுகிர்தம் தேவநேசன்
ஒரு டிரங்குப் பெட்டி, ஒரு சைக்கிளோடு
சூரமங்கலத்தில் ரயில் இறங்கியவர்.
தனியாளுக்கு வீடில்லை என்றன நான்கு வாசல்கள்.
ஐந்தாவது வாசலில் பொய் சொன்னாராம்:
எனக்குப் பன்னிரண்டு பெண் பிள்ளைகள்.
வீடு கிடைக்கவில்லை.
கிடங்கு கிடைத்தது.

மார்கழி விடுமுறையில் ஏற்காடு போவார்.
இருபது கொண்டையூசி வளைவிலும் வாந்தி எடுத்தபடி
எஸ்டேட் எஸ்டேட்டாக நன்கொடை கேட்டு.
ஒரு பங்களாவில் பணம் தரவில்லை,
இரண்டு கூடை ஆரஞ்சு தந்தார்கள்.
பொம்பளைப் பிள்ளைகளுக்கு ரசாயனம் எதற்கு,
பழம் சாப்பிடட்டும்.
அடிவாரத்தில் நின்று
அந்தப் பழத்தைக் கூவி விற்றவரை
கலெக்டர் ஆபீஸ் குமாஸ்தா பார்த்திருக்கிறார்.
ஊரே சிரித்தது.
சோதனைக் குழாய் பத்து,
அயோடின் ஒரு குப்பி வந்தது.

சிந்திய இடமெல்லாம் சுவர் நீலமானது.
பயந்து துடைத்தோம்.
‘விடுங்கள், மாவு இருக்கிறது என்று
சுவர் ஒப்புக்கொள்கிறது.’
கரும்பலகை வருமுன்
எங்களுக்கு நடந்த முதல் பாடம் அது.

தராசுக்குக் காசில்லை.
என் அப்பாவின் கொலுசுக் கடையில்
கண்ணாடிக் கூண்டுக்குள் ஒன்று இருந்தது.
கேட்டார். கொடுத்தார்.
‘பத்திரம்’ என்றார் அப்பா.
தராசைத்தான் சொன்னார்.

இரண்டாம் வருஷம், தை மாதம்,
ராசிபுரத்து நெய் வியாபாரிக்கு
என்னை நிச்சயம் செய்தார்கள்.
கல்யாணம் முடிந்த வாரமே
தராசு கேட்டு ஆள் போனது.
திரும்பி வந்தது ஒரு சீட்டு:
‘பெண்ணை அனுப்புங்கள்.
தராசை அனுப்புகிறேன்.’

இரண்டும் நடக்கவில்லை.

வெண்ணெய் உருக்கினேன். மூன்று பிள்ளைகள் பெற்றேன்.
முருங்கைக் கீரை போட்டால் நெய் எப்போது தெளியும் என்று
மூக்காலேயே சொல்வேன்.
அதற்கும் ஒரு சமன்பாடு இருக்கும்.

என் பெயரை அவர் அடிக்கவில்லை என்று
பரிமளா சொல்லித் தெரியும்.
அவள் எண் பன்னிரண்டு.
பரீட்சை வரைக்கும் தினமும் காலையில்
‘பதினொன்று’ என்பாராம்.
ஒரு மூச்சு நேரம் காத்திருப்பாராம்.
பிறகுதான் அவளைக் கூப்பிடுவாராம்.
‘எவ்வளவு எரிச்சலா இருக்கும் தெரியுமாடி!’

எனக்கும் எரிச்சல்தான்.
நன்றி இல்லை, கோபம்.
அங்கே நின்று கூப்பிட்டால்
பதினாறு மைல் தாண்டி எனக்கா கேட்கும்?
பஸ் ஏறி ஒரு நாள் வந்திருக்கலாமே.

வந்தாராம்.
மாமியார் காரியம் முடிந்த பிறகு
பாத்திரம் தேய்க்கும் சின்னக்காள் சொன்னாள்.
சைக்கிளில் வந்தார்.
நான் ஊரில் இல்லை என்றார்களாம்.
நான் பின்கட்டில் அடுப்பு ஊதிக்கொண்டிருந்தேன்.
ஒரு செம்பு மோர் குடித்துவிட்டு,
சக்கரத்துக்குக் காற்று அடித்துக்கொண்டு
போய்விட்டார்.

பிற்பாடு கல் கட்டடம் எழும்பியது.
எழுநூறு பெண்கள், விடுதி, இரண்டு பஸ்.
அவர் பெயரில் ஒன்றும் இல்லை, வேண்டாமென்றாராம்.
ஓய்வு பெற்று, ஒண்டிக்கடைப் பக்கம் ஒரு தகர வீட்டில்
மிளகுக் கொடி வளர்த்து,
ஒரு மழைக்காலத்தில் இறந்துபோனார்.
பேப்பரில் நாலு வரி.
அதில் ரெண்டு தப்பு.

போன மாசம் கிடங்கைத் தேடிப் போனேன்.
இப்போது டயர் கடை.
மருந்துக் கடையில் டிங்சர் வாங்கிக்கொண்டு,
சுண்ணாம்பு உதிர்ந்த மூலையில்
ஒரு சொட்டு விட்டேன்.
பழுப்பு.
ஒரு மூச்சு நேரம் காத்திருந்தேன்.
நீலம்.

‘சுவத்தக் கெடுக்கறீங்களேம்மா’ என்றான் கடைப் பையன்.
ஆமாம் என்றேன்.
இன்னொரு சொட்டு விட்டேன்.