மாடி இருக்கை

துவார்னனேயில் மீன் நாற்றம்
துறைமுகத்தோடு நிற்பதில்லை,
கொட்டகைக்குள்ளும் டிக்கெட் வாங்காமல் வரும்.
டார்ச் அடித்து இருக்கை காட்டுவது என் வேலை.
சம்பளம் கிடையாது, கையில் விழும் சில்லறைதான்.
மாடிக்குப் பாரிஸ் நாக்கு:
"இப்படி வாருங்கள், மதாம்."
கீழே பலகைக்கு எங்கள் பிரெத்தோன்:
"தள்ளி உட்காரேன்டி, பெரின்!"

அன்று கேலிப்படம்.
கடுகு வியாபாரி ஒருவன்,
மகளுக்கு மேலிடத்துச் சம்பந்தம் தேடி
விருந்துக்கு ஒரு விஸ்கவுண்டை
வாடகைக்கு எடுக்கிறான்.
வந்தவன் ஓட்டலில் கோட்டு மாட்டுகிறவன்.
அசல் விஸ்கவுண்ட் மழையில் நனைந்து
பின்வாசலில் வந்து நிற்க,
"லேட்டா வந்தா அரைக் கூலிதான்" என்று
உருளைக்கிழங்கு உரிக்க உட்காரவைத்துவிட்டார்கள்.
ஐந்து கதவு அந்த வீட்டுக்கு.
ஒன்றில் மாமனார் நுழைந்தால்
இன்னொன்றில் யாரோ காற்சட்டை இல்லாமல் ஓடுகிறார்.

மாடியில் மூன்றாம் வரிசை,
மத்தி மீன் டப்பா ஆலை முசியே கெரவெல்
தொப்பை குலுங்கச் சிரித்தார்.
"பார்த்தாயா லியோந்தின்,
பாரிஸ்காரன் பவிசை!"

போன மாதம்
ஏதோ பாரனின் மருமகன்
அவர் வீட்டில் தின்று, குடித்து,
கடனும் வாங்கிப் போனது ஊருக்கே தெரியும்.
அன்று வெள்ளைக் கையுறை மாட்டிவிட்டு
ஆலையிலிருந்து பரிமாறக் கூட்டிப்போனது
பெரினைத்தான்.

கீழே ஒரு லேஸ் தொப்பி திரும்பியது.
பிறகு நாலு. பிறகு வரிசை வரிசையாக.
திரைக்கு முதுகு காட்டி
மாடியைப் பார்த்துச் சிரித்தார்கள்.
அவர் இன்னும் சிரித்துக்கொண்டுதான் இருந்தார்.
மதாம்தான் முதலில் பார்த்தாள்.
திரையில் கடுகுக்காரி
காப்பிக் கோப்பையைத் தூக்கிய அதே நேரம்
சாக்லேட் டப்பாவின் மேல் நீட்டியிருந்த
அவள் சுண்டுவிரல்
மெல்ல மடங்கியது.

நானும் சிரித்திருப்பேன்.
அதற்குள் படத்தில் வேலைக்காரி ஒருத்தி
மூக்கைத் தூக்கிக்கொண்டு
சீமாட்டிக் குரலில் சொன்னாள்:
"இப்படி வாருங்கள், மதாம்."
கொட்டகை அதிர்ந்தது.
பெரின் என்னைத் தேடித் திரும்பினாள்.
டார்ச்சை அணைத்துவிட்டேன்.

படம் விட்டதும் கையில் பத்து சூ.
வழக்கமாக அஞ்சுதான் தருவார்.
எந்த நாக்கில் நன்றி சொன்னேனோ
நினைவில்லை.

வாசலில் ஆலைப் பெண்கள் கலையாமல் நின்றார்கள்.
மணி பத்தரை. மழை இல்லை.
முசியே கெரவெல்
குடையை விரித்தார்,
முகம் வரை இறக்கிப் பிடித்து நடந்தார்.