பதினேழு இடங்களில்

பாயான் லெப்பாஸ், மூன்றாம் மாடி.
என் மேசைக்கு நேர் மேலே குளிர்சாதனம்;
கம்பளிச் சட்டையோடுதான் வேலை.
திங்கட்கிழமை வந்த மின்னஞ்சலில் இரண்டே வரி:
புது ஒப்பந்தத்தில் இனி 'பெகெர்ஜா' கிடையாது, எல்லாரும் 'ராக்கான்'.
தமிழ்ப் பிரதி புதன் மாலைக்குள்.

மாறுபாடு எழுந்தால் மலாய்ப் பிரதியே செல்லும் என்று
அடியில் பொடி எழுத்தில் இருக்கும்.
அதையும் நான்தான் மொழிபெயர்ப்பேன்.

ராக்கானுக்குத் தமிழில் என்ன?
பங்குதாரர் என்று போட்டால்
பங்கு எங்கே என்பார்கள்.
கூட்டாளி என்றால் இந்த ஊரில் சிநேகிதன்;
சிநேகிதனுக்கு யாராவது
பார்சலுக்கு ஒரு வெள்ளி அறுபது காசு என்று
எண்ணிக் கொடுப்பார்களா?
பங்காளி என்று அடித்தேன்.
தேடு. மாற்று.
பதினேழு இடங்களில் மாற்றப்பட்டது
என்றது கணினி.
கோப்பி இன்னும் சூடாகத்தான் இருந்தது.

அதன்பின் மற்றவை தாமாகவே உதிர்ந்தன.
சம்பளம் போய்க் கட்டணம்.
விடுப்பு போய் 'இணைப்பில் இல்லாத நேரம்'.
சேமநிதி இருந்தது எட்டாம் பிரிவில்;
இப்போது ஒன்பது, எட்டாகி
அங்கே வந்து உட்கார்ந்துகொண்டது.
பணிநீக்கம் என்ற சொல்லை வைக்க இடமே இல்லை.
வேலைக்கே வைக்காதவரை
எங்கிருந்து நீக்குவது?
'கணக்கு முடக்கப்படும்' என்று எழுதினேன்.
நல்ல தமிழ். சந்திப்பிழை இல்லை.

வியாழன், ஸ்டோரில் கூட்டம்.
நாற்பத்து மூன்று பேர், இரண்டு மின்விசிறி.
மரியசூசை மோட்டார் சீட்டில் தாளை வைத்துக் கையெழுத்துப் போட்டார்,
படிக்கவில்லை,
வெளியே மழை கட்டிக்கொண்டு நின்றது.
ஸம்ரி தன் பிரதியை நான்காக மடித்துத்
தலைக்கவசத்துக்குள் செருகினான்.
வேன் ஓட்டும் தெய்வானை மட்டும்
நான்காம் பக்கம்வரை விரல் வைத்துப் படித்துவிட்டுக் கேட்டாள்:

'பங்காளின்னா சாவுக்குத் தீட்டு உண்டே, தங்கச்சி.
நாளைக்கு நான் பாலத்துல லோரிக்கு அடியில போனா
கம்பெனிக்குப் பதினாறு நாள் தீட்டா?
தீபாவளிப் பலகாரம் வேணாம்னு சொல்லுவாங்களா?'

தமிழ் தெரிந்த அத்தனை பேரும் சிரித்தார்கள்.
மேலாளர் ஊய் எதற்கு இந்தச் சிரிப்பு என்று
மலாயில் என்னைக் கேட்டார்.
தீட்டுக்கு மலாயில் ஒரு சொல் தேடினேன்.
அகப்படவில்லை.
சந்தோஷமாக இருக்கிறார்கள் என்றேன்.

அந்த வருஷம் நான் செய்த
ஆக மோசமான மொழிபெயர்ப்பு
அதுதான் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

தெய்வானையும் போட்டாள்,
முழுப் பெயரையும், தகப்பன் பெயரோடு.
வேனுக்கு இன்னும் முப்பத்தொரு தவணை.

நவம்பரில்
சுங்கை நிபோங் மேம்பாலத்து இறக்கத்தில்
சறுக்கி விழுந்தது மரியசூசை.
காறை எலும்பு, முழங்கால்.
பார்சல் மட்டும் நனையாமல் போய்ச் சேர்ந்ததாம்,
பின்னால் வந்த யாரோ எடுத்துப் போய்க் கொடுத்தார்களாம்.
பெரிய ஆஸ்பத்திரி, மூன்றாம் வகுப்பு வார்டு.
ஆரஞ்சு வாங்கிக்கொண்டு போனேன்.
ஆபீஸ் அனுப்பவில்லை. நானாகத்தான்.
அதை அந்தப் பக்கம் வைக்கச் சொல்லிவிட்டு
நல்ல கையால் போனை நீட்டினார்.
காலையிலிருந்து பதினோரு தடவை
அதே செய்தி:

உங்களைக் காணோமே, பங்காளி!

ஆச்சரியக்குறி நான் போட்டதுதான்.
மலாயில் இல்லை,
வெறும் புள்ளிதான் இருந்தது;
தமிழில் அது கொஞ்சம்
கடுப்பாகத் தெரிந்தது எனக்கு.

'இத எங்க நிறுத்துறது?' என்றார்.
உள்ளே போய் ஒவ்வொன்றாய்ப் பார்த்தேன்.
எல்லாம் என் தமிழ்.
சத்தத்தைக் குறைக்க
வழி இருந்தது.