ஏழைக் கழி

ஆணிக் கடையில் கழித்துவிட்ட பெட்டி இது.
பென்டியம் மூன்று, அறுபத்து நான்கு எம்பி;
காற்றாடி, மேடேறுகிற லாரி மாதிரி முனகும்.
புது பில்லிங் மெஷின் வந்த அன்று ஞானதிரவியம் சார்
"கொண்டு போறியாம்மா, இல்ல காயலான் கடையா?" என்றார்.
ஆட்டோவில் மடியில் வைத்து
சிந்துபூந்துறைக்குக் கொண்டுவந்தேன்.

உள்ளே ஒரு விளையாட்டு கிடந்தது.
ஆறு, பாலம், வயல், முப்பத்தொரு ஆட்கள்.
ஆள் ஒன்று பன்னிரண்டு புள்ளி உயரம்.
எந்த ஊர்க்காரர் செய்ததோ, முதலில்
நான் செய்தது திருட்டுதான்.

பகலெல்லாம் கொண்டி, கீல், பெயின்ட் கணக்கு எழுதுகிறவளுக்கு
எண்ணைத் துரத்திப் பிடிப்பதா கஷ்டம்?
கையில் ஆயிரம் காசு, நினைவகத்தில் ஆயிரத்தைத் தேடு.
நாற்பதுக்கு விதை வாங்கு, தொள்ளாயிரத்து அறுபதைத் தேடு.
மாறாதது எல்லாம் உதிர்ந்துபோகும்,
மிஞ்சுகிற ஒற்றை முகவரியில்தான் கல்லாப்பெட்டி.
அறுபத்தையாயிரத்து ஐந்நூற்று முப்பத்தைந்து எழுதினேன், அதுதான் உச்சம்.
ஒரு காசுக்குக் கீரை விற்றது.
எல்லாம் சுழி.

மார்கழி பிறந்த அன்று ஆறு தெருவுக்குள் வந்தது.
அரிசிச் சாக்கில் சுற்றி
இந்தப் பெட்டியைத்தான் முதலில் மாடிக்கு ஏற்றினேன்.
"ஏட்டி, பத்திரத்த விட்டுட்டுப் பொட்டியவா தூக்குத?"
கத்தின உலகம்மை அக்கா கையில்
மிக்ஸி இருந்தது.

இரண்டு ராத்திரி. பதினான்கு பேர்.
ஒரு தார்ப்பாய், நமுத்த ரஸ்க்.
தையல்கார மீரான் மட்டும் இறங்கிப் போனார்,
ஊரார் கொடுத்த துணி கீழே கிடக்கிறதென்று.

தையில் கரண்ட் சீரானபின் திறந்தேன்.
விளையாட்டிலும் வெள்ளம் உண்டு,
நான்கு வருஷத்துக்கு ஒரு தடவை.
வடிந்ததும் முப்பத்தொன்று இருபத்துநான்காகும்.
எத்தனை தடவை பார்த்திருக்கிறேன்,
அடுத்த விதைப்புக்கு ஆள் குறைகிறதே என்றுதான் எரிச்சல்பட்டிருக்கிறேன்.

இந்தத் தடவை கோப்பைப் பிளந்து அந்த வரியைத் தேடினேன்.
ஒன்பது ராத்திரி. ஐந்தே பைட்.
கடைசி பைட்டில் ஏழு.
தமிழில் சொன்னால்:
ஏழைக் கழி.
இரண்டு விதமாகவும் படித்துப் பார்த்தேன்.

எந்த ஏழு என்று அதற்குக் கேள்வியில்லை.
எங்கள் தெருவில் கழிந்தது ஒன்று,
அதற்குப் பெயர் இருந்தது,
அளவு நோட்டில் என் கை நீளம் இருந்தது.

பழைய கோப்பை ஃப்ளாப்பியில் நகலெடுத்து வைத்துவிட்டு
ஏழைச் சுழியாக்கினேன்.
இப்போது யாரும் சாகவில்லை. ஆனால்
கழுத்தளவுத் தண்ணீரில்
முப்பத்தொரு பேரும் களை பறித்துக்கொண்டிருந்தார்கள்.
பார்க்கச் சகிக்கவில்லை.

மாடி ஏற அவர்களுக்குத் தெரியாது.
அந்த நடையை யாரும் எழுதிவைக்கவில்லை.
ஆனால் அறுப்பு முடிந்து ஒரு கொடை வரும்;
அன்றைக்குத் தீவட்டியோடு மொட்டைமாடியில் ஏறி ஆடுவார்கள்.
வெள்ளத்தின் வாசலில் ஈபி என்று ஒரு பைட் போட்டேன்.
யந்திரத்துக்கு அது 'தாண்டிப் போ'.
எங்களுக்குக் கரண்ட் ஆபீஸ்;
அதுவும் அந்த வாரம் எங்களைத் தாண்டித்தான் போனது.

இப்போது ஆறு ஏறினால்
கொட்டு முழங்குகிறது.
பன்னிரண்டு புள்ளி மனிதர்கள்
குதித்துக் குதித்து மாடிக்கு ஓடுகிறார்கள்,
கீழே செங்காவியாகத் தண்ணீர், மேலே தீவட்டி.
உலகம்மை அக்கா வந்து பார்த்தாள்.
"கூறுகெட்ட சனமா இருக்கே" என்றாள்.
போகவில்லை. இன்னொரு வெள்ளம் விடச் சொன்னாள்.

ஒரே ஒரு பிழை.
கொட்டடிக்கிறவனுக்கு ஏறுகிற படம் கிடையாது.
அசல் கொடையிலும் அவன் தரையில்தான் நின்றிருக்கிறான்.
இடுப்பு, மார்பு, மூக்கு,
தண்ணீருக்கு மேல் இரண்டு குச்சி மட்டும்
தாளம் தப்பாமல்.

சாகமாட்டான். சுழியாக்கியிருக்கிறேன்.
இருந்தாலும் இன்று ராத்திரி
அவனுக்குக் கால் தூக்கின மாதிரி
நான்கு படம் வரைய வேண்டும்.