ஓங்கிய கை

மே மாதத்து மழை. கிளாருஸ் சதுக்கத்தின்
மரவளையத்துக்குள் குடை விரிக்காமல் நிற்கிறோம்.
குடை, பின்னால் இருப்பவரின் கண்ணை மறைக்கும்.

கேள்வி சின்னது:
மேல்கிராமத்துக்கு இரவு பத்தரைக்குப் போகும்
கடைசிப் பேருந்து இனியும் ஓட வேண்டுமா?
ஏழு பேர் பேசினார்கள். ஒருவர் செலவுக்கணக்கு.
ஒருவர் பனியைப் பற்றியே பேசினார்.
ஆஸ்பத்திரிச் சலவையறை வெரேனா
“அதில் வருவது நான்தான்” என்றாள்.
வேறொன்றும் சொல்லாமல்
மேடையோரம் எங்களைப் பார்த்தபடி நின்றாள்.

அட்டைகள் உயர்ந்தன.
இங்கே எண்ணுவதில்லை.
மூட்டையைத் தூக்காமலே எடை சொல்லும் வியாபாரிபோல்
தலைவர் கண்ணை ஓட்டினார்.
யார் கை ஓங்கியது?
தெரியவில்லை. “மறுபடி.”

முதல் தடவை ‘வேண்டாம்’ பக்கம் தூக்கியிருந்தேன்.
அருகே ரேகுலா ஸ்வைஃபெல்;
அந்தக் குடும்பப்பெயருக்கே ஐயம் என்று பொருள்.
இரண்டு தடவையும் அவள் கை கோட்டுப்பையில்.
ஏன் என்றேன்.
“யோசிக்கிறேன்.”
அதற்குள் மூன்றாவது.

அட்டையின் ஈரம் முழங்கைவரை இறங்க,
இம்முறை ‘வேண்டும்’ என்று தூக்கினேன்.
தலைவரின் பார்வை என்மேல் பட்டதா,
தாண்டிப் போனதா, தெரியாது.
பேருந்து தோற்றது.
யாரும் கூச்சலிடவில்லை.
அடுத்த கேள்வி, நாய்வரி.

டிசம்பர்வரை ஓடும்.
இன்றிரவும் ஓடியது: ஓட்டுநர், வெரேனா, நான்.
கண்ணாடியில் வழியும் நீரைப் பார்த்தபடி
மெல்ல ஆரம்பித்தேன்,
“நான் உன் பக்கம்தான்…”

“பார்த்தேன்” என்றாள்.
“முதல் தடவையும்.”