பிணத்துக்கு நான்கு பக்கம்

ஹார்ட்முட் கிரெவேயின் உதட்டில்
முதன்முதலில் நீலம் பூசியவள் நான்தான்.
டூயிஸ்பர்க், ரைன் கரை, நவம்பர்.
"மூச்சு விடாதே" என்றார் இயக்குநர்.
விடவில்லை. தும்மினான்.
சம்பளத்தில் பாதி போயிற்று.

பிறகு கார் திருடன், மருந்துக்கடைக்காரன்,
மூன்று முறை கொலைகாரன்
(ஒருமுறை மாமியாரை).
அப்புறம் பதினேழு வருடம்
ஆய்வாளர் ப்ரோஸ்கே.
அதே தோல் ஜாக்கெட், ஆறிய காபி.
ஞாயிறு இரவு எட்டேகாலுக்கு ஊர் அடங்கிவிடும்.
ரொட்டிக் கடையில் வழிமறிப்பார்கள்:
"யார் கொன்றது? சொல்லிவிட்டுப் போங்கள்."

அவன் சைக்கிள் களவு போனபோது
புகார் எழுதிய போலீஸ்காரி சிரித்தாள்,
நீங்களே கண்டுபிடிக்கலாமே என்று.
கிடைக்கவேயில்லை.

அந்தக் குளிர்காலம் எழுத உட்கார்ந்தான்.
ஆற்றில் மிதந்தவளுக்கு நான்கு பக்கம்:
காலையில் என்ன சாப்பிட்டாள்,
யாருக்குக் கடன்,
ஏன் ஒரு கைக்கு மட்டும் உறை.
தயாரிப்பாளர் புரட்டினார்.
"செத்தவளுக்கே இவ்வளவு என்றால்
ஆய்வாளர் எப்போது வருவார்?"
நாலும் போயிற்று.

அடிக்குறிப்பாக ஒரு வரி மட்டும்
யார் கண்ணிலும் படாமல் தப்பியது:
படுப்பவளுக்குக் கம்பளி வேண்டும்;
தும்மினால் திட்டக் கூடாது.

நேற்று அவளுக்கு நீலம் பூசினேன்.
இரண்டு தரம் தும்மினாள்.